மோர் என்றால் பெரிய

நவம்பர் 2, சனி

இன்றைக்குக் கல்லறைத் திருநாள். மணப்பாட்டில் இருந்திருந்தால் இந்நேரம் அப்பா கல்லறையில் மெழுகுதிரி ஏற்றி, காற்றில் அது அணைய, மறுபடி ஏற்றிக்கொண்டிருப்பேன். இங்கே ஸ்காட்லாந்தின் வடகிழக்குக் கரையில் அடுக்களை மேடைமேல் ஒன்று ஏற்றினேன். புகை அலாரம் கத்தித் தீர்த்தது. அந்தச் சவம் பிடிச்ச அலாரத்தைக் கழற்றிப் போட்டேன்.

அந்த நேரம் பார்த்து மோரக் வந்தாள். இந்த போர்ட்கெரன் ஊருக்கு அவள்தான் சங்கத் தலைவி. அறுபதுக்கு மேல் இருக்கும், யாரைப் பார்த்தாலும் சிரிப்பு. நாங்கள் வந்து ஒன்றரை வருஷத்தில் எங்கள் வீட்டுப் படி ஏறியது இதுதான் முதல் தடவை. என் வீட்டுக்காரரை ஊருக்கு மோர்மேர் ஆக்கவேண்டும் என்று எல்லாரும் ஆசைப்படுகிறார்களாம்.

"இந்தக் குளிருல மோர் யாரு கேட்டா?" என்றேன் தமிழில். இவர் முறைத்தார்.

அந்தக் காலத்தில் ராஜாவுக்குக் கீழே ஒவ்வொரு சீமையையும் ஆட்சி செய்தவருக்கு கேலிக் மொழியில் அந்தப் பெயராம். மோர் என்றால் பெரிய. மேர் என்றால் காரியம் பார்க்கிறவர், நம் ஊர் மணியக்காரர் மாதிரி. ஆகப் பெரிய மணியக்காரர். மற்ற சீமைகளில் இங்கிலீஷ் பட்டம் வந்ததும் இது ஒழிந்துபோனது, நாங்கள் மட்டும் மரியாதைக்காக விடாமல் வைத்திருக்கிறோம் என்றாள் மோரக்.

இவர் முகத்தைப் பார்க்கவேண்டுமே. ஊருக்கு ஒரே டாக்டர், ஆனாலும் அருளப்பன் என்ற பெயர் இதுவரை ஒருத்தர் வாயிலும் முழுசாக நுழைந்ததில்லை. பாதிப் பேர் தலைவலிக்குக்கூட அடுத்த ஊர் டாக்டரிடம் போகிறார்கள். அப்பேர்ப்பட்ட மனுஷனைச் சீமைக்கு மணியம் என்றால் நெஞ்சு நிமிராதா?

பட்டத்தோடு வீடும் உண்டாம். துறைமுக வாயிலை ஒட்டி, கடலுக்கு முதல் வீடு. கையோடு கூட்டிக்கொண்டு போய்க் காட்டினாள். அடுக்களை ஜன்னலைத் திறந்தால் கடல். யோசித்துச் சொல்கிறேன் என்று இவர் என்னைப் பார்த்தார். ஜன்னல் நல்லாயிருக்கு என்று மட்டும் சொன்னேன்.

"முன்னாடி இருந்தவரு போயிட்டாராம்" என்றார் திரும்பி வரும்போது.

"எங்க போயிட்டாரு?"

"கேக்கல. போலந்துக்காரராம். ஊருக்குத்தான் போயிருப்பாரு."

நவம்பர் 6, புதன்

வீடு மாறியாயிற்று. இடுப்பு ஒடிந்துவிட்டது. மீன் குழம்பு வைத்தேன், இங்கத்து மீனுக்குப் புளி பிடிக்கவே மாட்டேன் என்கிறது.

நவம்பர் 10, ஞாயிறு

பட்டம் கட்டினார்கள். பைபிளில் கை வைக்கச் சொல்வார்கள் என்று நினைத்தேன். ஒரு வாளியில் கடல் தண்ணீர் கொண்டுவந்து வைத்து, அதில் மணிக்கட்டு வரைக்கும் கையை விட்டுக்கொண்டு, மோரக் கேலிக்கில் சொல்லச் சொல்ல இவர் திருப்பிச் சொன்னார். என்ன சொன்னார் என்று இவருக்கும் தெரியாது. கோவில்பட்டிக் கரிசலில் பிறந்து, கண்மாயைத் தவிர வேறு தண்ணீர் அறியாத மனுஷன், வாளிக்குள் கையை வைத்துக்கொண்டு சிரித்துக்கொண்டே நின்றார்.

முடிந்ததும் எல்லாரும் எழுந்து நின்றார்கள். கைதட்டல் கிடையாது. இனிமேல் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டோம், மோர்மேர் என்றுதான் சொல்வோம் என்று மோரக் என்னிடம் சொன்னாள். நானும்தான் புருஷன் பெயரைச் சொல்வதில்லை, எங்கள் வழக்கமும் அதுதான் என்றேன். "நல்லதாகப் போயிற்று" என்றாள்.

சாப்பாட்டுக்கு முன்னால் அந்த வாளித் தண்ணீரைக் கீழே கொட்டாமல், பத்திரமாகக் கடலுக்கே கொண்டுபோனார்கள்.

நவம்பர் 13, புதன்

இவருக்கு இப்போது பவுசு தாங்கவில்லை. நோயாளிகள் வரிசையில் நிற்கிறார்களாம். ராத்திரிச் சாப்பாட்டில் போனை வைத்துக்கொண்டு பட்டத்தின் பூர்வீகத்தை ஆராய்ந்தார். படித்தவர்களில் முக்கால்வாசிப் பேர் மோர் என்றால் பெரிய என்றுதான் சொல்கிறார்களாம். ஒரு சிலர் மட்டும், அது கடலைக் குறிக்கும் பழைய சொல்லிலிருந்து வந்தது, வைக்கிங் கொள்ளைக்காரர்கள் கப்பலில் வந்த காலத்தில் கரையைக் காத்தவருக்கு வைத்த பெயர் என்கிறார்களாம்.

"அப்ப கடல் மணியக்காரரு" என்றேன்.

"நீச்சல் தெரியாத கடல் மணியக்காரரு" என்று சிரித்தார். நானும் சிரித்தேன்.

நவம்பர் 19, செவ்வாய்

பால் வாங்கப் போனேன். கடையில் ஷீனா என்று ஒருத்தி உண்டு, என் வயதுதான் இருக்கும், அதிகம் பேச மாட்டாள். இன்றைக்கு மீதிச் சில்லறையைக் கையில் வைத்தபடியே, "அடுக்களைத் தரையில் உப்பு பூக்க ஆரம்பித்துவிட்டதா?" என்று கேட்டாள்.

ஆமாம் என்றேன். தினமும் துடைக்கிறேன், விடிந்தால் மறுபடி வெள்ளையாக இருக்கிறது.

"நான் வினிகர் ஊற்றித் துடைப்பேன்" என்றாள்.

எங்களுக்கு முன்னால் அந்த வீட்டில் இருந்தது இவள் என்று அப்போதுதான் தெரிந்தது. புருஷன் போலந்துக்குப் போக, இவள் மட்டும் ஏன் இங்கே கிடக்கிறாள் என்று கேட்க வாய் வந்தது. பின்னால் ஆள் வந்துவிட்டது. பாலை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

நவம்பர் 30, சனி

இன்றைக்கு இவருக்கு வேலை பழக்கினார்கள். பட்டம் என்றால் மேடையில் உட்காருவது மட்டுமில்லையாம், ஒரு வேலையும் இருக்கிறது.

துறைமுகத்துக்கு வாயில் குறுகலாக இருக்கும். பெரிய கடல் வந்தால் கீழ்த்தெரு முழுக்கத் தண்ணீரில் போய்விடும். அதனால் சங்கு ஊதினவுடனே ஊரே மாதாகோவில் மேட்டுக்கு ஏறிவிட, மோர்மேர் வாயிலில் பலகைகளை ஒன்றன்மேல் ஒன்றாக இறக்கி அடைக்கவேண்டும். இறக்குவதற்குக் கப்பி இருக்கிறது, ஒரு ஆள் போதும். ஆனால் கடைசிப் பலகைக்கு ஆப்பு கடல்பக்கம் நின்றுதான் அடிக்கவேண்டும். அடித்துவிட்டு இரும்பு ஏணியில் ஏறி மதிலுக்கு வந்துவிடவேண்டியது.

நான் மதில்மேல் நின்று பார்த்தேன். ஏணியில் பாசி. நின்று ஆப்பு அடிக்கிற கல், கடல் உள்வாங்கின வத்தத்திலேயே நனைந்து கிடந்தது, தண்ணீர் ஏறுகிற ஏத்தத்தில் எப்படி இருக்கும் என்று கடற்கரைக்காரிக்குச் சொல்லவேண்டாம்.

"மிஷின் வச்சா என்ன?" என்று மோரக்கைக் கேட்டேன். வைத்தார்களாம், உப்பு தின்றுவிட்டதாம். "அப்ப இங்க உள்ள மீன்பிடிகாரங்க செய்யலாமே?" அதற்கு அவள் சிரித்தாள்.

"நம்மூரு மடை திறக்கிறவன் வேலைதாம்ட்டி" என்றார் இவர் வீட்டில். "எங்க தாத்தா கண்மாய்ல முங்கி மடை திறந்தவரு."

டிசம்பர் 8, ஞாயிறு

உடனே எழுதிவிடுகிறேன்.

பூசை முடிந்து ஷீனா வீட்டுக்குப் போனேன். கேட்டேவிட்டேன். உன் புருஷன் எங்கே?

அவள் புருஷன் ததேயுஸ் போலந்துக்கும் போகவில்லை, எங்கேயும் போகவில்லை. ஆப்பு அடித்துவிட்டு ஏணியில் கால் வைத்தாராம், அவ்வளவுதான், கடல் கொண்டுபோய்விட்டதாம். தச்சு வேலை செய்தவர், நல்ல நீச்சல்காரர். அவருக்கு முன்னால் மோர்மேராக இருந்தது இத்தாலியிலிருந்து வந்து ஐஸ்கிரீம் கடை போட்டவர். அதற்கு முன்னால் இங்கிலாந்திலிருந்து வந்த வாத்தியார். ஒன்று இரண்டு குளிர்காலம் தாண்டுவார்களாம்.

"உள்ளூர்க்காரன் எவனாவது மோர்மேர் ஆனதுண்டா என்று யோசித்துப் பார்" என்றாள்.

கடலின் முகத்தில் கதவைச் சாத்துகிற கையைக் கடல் மறக்காதாம். அந்தக் கைக்குரிய குடும்பத்தைத் தேடித் தேடி எடுக்குமாம். அதனால் இங்கே ரத்தபந்தம் இல்லாத ஆள், கல்லறைத் தோட்டத்தில் தன் பெயரில் ஒரு கல்கூட இல்லாத ஆள் வேண்டும். அந்த ஆளின் பெயரையும் கடல் காதில் போடக்கூடாது. பெயர் சொல்லாததற்கு அதுதான் காரணம். மரியாதையாம் மரியாதை.

"மோர் என்றால் பெரிய என்று சொல்வது வெளியாளுக்கு. எங்கள் ஊரில் அது எப்போதும் கடல்தான். கடலின் ஆள். வாளித் தண்ணீரில் கை வைத்து உன் வீட்டுக்காரர் சொன்னதும் அதைத்தான்" என்றாள்.

நீ ஏன் முன்னாலேயே சொல்லவில்லை என்று கத்திவிட்டேன். பட்டம் யாருக்காவது போனால்தான் ஊர் அவளை மேட்டுத்தெருவில் குடியிருக்க விடுமாம். தலையைக் குனிந்துகொண்டாள். எனக்கு அவளை அடிக்கவும் தோன்றியது, கட்டிக்கொள்ளவும் தோன்றியது.

டிசம்பர் 9, திங்கள்

சண்டை. ஒழிஞ்சு போறோம்னு சொல்லிட்டு வாங்க, வேற ஊர்ல வேலையா இல்ல என்றேன். இவர் கேட்கவில்லை. கடல் ஆளைத் தேடி எடுக்கும் என்பதெல்லாம் கோட்டிக்காரத்தனமாம். விபத்து விபத்துதானாம்.

"கீழ்த்தெருவுல கைக்குழந்தைகள் இருக்கு, நடக்கமுடியாத கிழடுகள் இருக்கு. வாக்கு குடுத்துட்டு நான் ஓடிப்போனா பலகை யாரு இறக்குவா?"

"நீங்க ஒரு மடையன்" என்றேன். வாயில் வந்துவிட்டது.

"ஆமா, மடை திறக்கிறவன் மடையந்தான்" என்று சிரித்தார். அந்தச் சிரிப்பைப் பார்க்க எனக்கு அழுகை வந்தது.

டிசம்பர் 16, திங்கள்

நேற்று பௌர்ணமி. காலையில் ஜன்னலைத் திறந்ததும் தெரிந்துவிட்டது. அலை இல்லை, கடல் மொத்தமாக வீங்கிக்கொண்டு வருகிறது. பதினோரு மணி வாக்கில் சங்கு ஊதினார்கள்.

நான் மேட்டுக்குப் போகவில்லை. படகு கட்டுகிற கயிற்றை எடுத்து, அப்பா சொல்லிக்கொடுத்த முடிச்சில் இவர் இடுப்பில் கட்டினேன். மறுமுனையை மதில்மேல் இரும்பு முளையில் சுற்றிப் பிடித்துக்கொண்டேன். பலகைகளெல்லாம் இறங்கின. கடைசி ஆப்புக்கு இறங்கினார். சுத்தியல் சத்தம் கேட்டது. அப்புறம் தண்ணீர் எழும்பி, ஏணி, கல், மனுஷன் எதுவும் இல்லை. கயிறு மட்டும் விறைத்து நின்றது.

இழுத்தேன். வரவில்லை. பின்னால் இன்னொரு கை வந்து கயிற்றைப் பிடித்தது. ஷீனா. அத்தனை ஊரும் மேட்டில் நின்று பார்த்துக்கொண்டிருக்க, அவள் ஒருத்திதான் இறங்கி வந்தாள். ரெண்டு பேரும் பிணத்தை இழுக்கிற மாதிரிதான் இழுத்துப் போட்டோம். இருமினார். மாதாவே, இருமினார்.

டிசம்பர் 27, வெள்ளி

கிறிஸ்மஸ் ஆஸ்பத்திரியில் போயிற்று. தோள் எலும்பு முறிவு. வலது கையில் ரெண்டு விரல் மடங்கவில்லை. இன்றைக்கு வீட்டுக்கு வந்தோம். வாசல் முழுக்கக் கேக்கும் சூப்பும். பெயரில்லாத வாழ்த்து அட்டைகள்.

ஜனவரி 4, சனி

மோரக்கைப் பார்க்கப் போனேன். இவரை விட்டுவிடுங்கள் என்று கெஞ்சினேன். சுத்தியல்கூடப் பிடிக்க முடியாத கை.

அவளுக்குக் கோபமே வரவில்லை. தேநீர் ஊற்றிக் கொடுத்தாள். "கயிறு எங்கள் வழக்கத்தில் இல்லை, ஜெசிந்தா. கடல் வெறுங்கையோடு திரும்பிப் போயிருக்கிறது. இந்த மாசக் கடைசி அமாவாசைக்கு அது மறுபடி வரும். அப்போது கயிறு இருக்காது. நாங்கள் பார்த்துக்கொள்வோம்."

"அந்தக் கையோட அவரு எப்படி இறங்குவாரு?"

"அவர் இறங்குவார். அவரைப் பற்றி உனக்கே தெரியும்."

தெரியும். எந்திரிக்க முடியாமல் கிடந்தாலும் சங்கு ஊதினால் ஊர்ந்தாவது போவார்.

மோர்மேர் பட்டத்தைத் தானாக இறக்கிவைக்க முடியாதாம். வேறொருவர் மனசார ஏற்றுக்கொண்டால் சரி. "பள்ளிக்கூடத்துக்குப் புது வாத்தியார் வருகிறார். கானா நாட்டுக்காரர். மனைவி, கைக்குழந்தை. அவர்களுக்கு இங்கே யாரையும் தெரியாது. நீ போய்ப் பேசிப் பழகு" என்று என் கையைத் தட்டிக் கொடுத்தாள்.

பாதித் தேநீரை அப்படியே வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

ஜனவரி 12, ஞாயிறு

வாத்தியார் பெயர் யாவ். மனைவி எஸி. பூசைக்கு வந்திருந்தார்கள். குழந்தைக்கு இன்னும் பல் முளைக்கவில்லை, என் சங்கிலியைப் பிடித்து வாயில் வைத்துக்கொண்டது. எஸி சிரித்துக்கொண்டே விரல்களைப் பிரித்துவிட்டாள். பாவம், அவளுக்கும் இந்தக் குளிர் ஒத்துக்கொள்ளவில்லை.

ஜனவரி 15, புதன்

இவருக்குக் காய்ச்சல். தூக்கத்தில் கையைச் சுத்தியல் பிடிக்கிற மாதிரி மடக்கப் பார்க்கிறார். ரெண்டு விரலும் வரமாட்டேன் என்கிறது.

ஜனவரி 18, சனி

எஸியைத் தேநீருக்குக் கூப்பிட்டேன். முறுக்கு சுட்டேன். நன்றாகச் சாப்பிட்டாள். அவள் பிறந்த ஊரும் கடற்கரைதானாம், ஆனால் யாவ் உள்நாட்டுக்காரராம். ஊரில் யாவுக்கு வாத்தியார் வேலையில் மரியாதையே கிடைக்கவில்லையாம். இங்கே ஊர்ச் சங்கம் கூப்பிட்டு ஒரு பட்டம் தருகிறோம் என்றதில் அவருக்கு ஒரே சந்தோஷமாம். இவளுக்குத்தான் மனசு ஒரு மாதிரி இருக்கிறதாம்.

"அந்தப் பட்டத்துக்கு என்ன அர்த்தம்? கடல் என்று ஒரு இடத்தில் படித்தேன்" என்றாள். "நீங்கள் அதில் இருக்கிறவர்கள். உங்களுக்குத்தான் தெரியும்."

குழந்தை அவள் மடியில் தூங்கிக்கொண்டிருந்தது. உள்ளறையில் இவர் இருமினார்.

"ஒரு சிலர் அப்படிச் சொல்வதுண்டு" என்றேன். "படித்தவர்களெல்லாம் மோர் என்றால் பெரிய என்றுதான் சொல்கிறார்கள். பெரிய மணியக்காரர்."

"உங்கள் கணவருக்கு அடிபட்டது?"

"வழுக்கி விழுந்துவிட்டார்."

நான் பொய் சொல்லவில்லை. படித்தவர்கள் அப்படித்தான் சொல்கிறார்கள். யார் வேண்டுமானாலும் படித்துப் பார்த்துக்கொள்ளட்டும். வழுக்கித்தானே விழுந்தார்.

ஜனவரி 19, ஞாயிறு

பூசைக்குப் போகவில்லை. தலைவலி.

ஜனவரி 24, வெள்ளி

யாவுக்குப் பட்டம் கட்டியாயிற்று. வாளி, தண்ணீர் எல்லாம் அதேபோல. எல்லாரும் எழுந்து நின்றபோது இவரும் கூட நின்றார். முகம் வாடித்தான் இருந்தது. பட்டம் போன வருத்தம். இருக்கட்டும், உயிரோடு வருத்தப்படட்டும்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டார்: "அந்தப் பையனுக்கு எல்லாம் சொல்லியாச்சா? ஏணி, பாசி, கல்லு மூழ்குறது? ததேயுஸ் விஷயம்? கயிறு இல்லாம இறங்கக்கூடாதுன்னு? காய்ச்சல்ல படுத்திருக்கலன்னா நானே போய்ச் சொல்லியிருப்பேன்."

"சொல்லியாச்சு."

"யாரு?"

"எஸிகிட்ட நான்தான் சொன்னேன். தெரிஞ்சுதான் ஏத்துக்கிட்டாங்க. அவரு நல்லா நீந்துவாராம்."

"அப்ப நல்ல தைரியசாலிதான்" என்றார். நிம்மதியாகத் தூங்கினார்.

நாங்கள் இந்த வாரமே மேட்டுத்தெருவுக்கு மாறிவிட்டோம். தரை காய்ந்து கிடக்கிறது. துடைக்க வேலையே இல்லை.

ஜனவரி 29, புதன்

தை அமாவாசை. மாதாகோவிலில் உட்கார்ந்து எழுதுகிறேன். நோட்டு என் பையில் கிடந்தது. வேறு என்ன செய்வது என்று தெரியவில்லை.

மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் சங்கு ஊதினார்கள். எல்லாரும் மேட்டுக்கு வந்தோம். இவர் ஒரு கையால் கிழவிகளுக்குக் கம்பளி பிரித்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். எஸி குழந்தையைத் தூக்கிக்கொண்டு என் பக்கத்தில் வந்து நின்றாள். கீழே கடல் மதில்மேல் மோதித் தெறித்தது. எங்கள் பழைய வீட்டு வாசல் அலைத் தூறலில் தெரியவில்லை, கூரை மட்டும் தெரிந்தது.

"யாவ் சீக்கிரம் வந்துவிடுவார், இல்லையா?" என்று இவரைப் பார்த்துக் கேட்டாள். "பலகையை இறக்கிவிட்டு வந்துவிடுகிறேன் என்றார். அவருக்கு நீச்சல் தெரியாது, அதனால் பயமாக இருக்கிறது. உங்கள் மனைவி ஒன்றும் ஆபத்து இல்லை என்றார்கள். இது சும்மா மரியாதைக்கான பட்டம்தான் என்றார்கள்."

இவர் கையில் இருந்த கம்பளியை மடித்துப் பெஞ்சில் வைத்தார். என்னைப் பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் தாங்கியிருப்பேன். யாரோ தெரியாத ஆளைப் பார்க்கிற மாதிரி பார்த்தார்.

"கயிறு எங்க இருக்கு?" என்றார்.

"வேண்டாங்க. உங்க கை."

"கயிறு எங்கட்டி?"

நான் சொல்லவில்லை. கயிறு இல்லாமலே போனார். வாசல்வரை ஓடினேன். சட்டையைப் பிடித்தேன், பிடியை விடுவித்துக்கொண்டு படியில் இறங்கினார். அருளப்பா, அருளப்பா என்று என் வாழ்நாளில் முதல் தடவையாக அவர் பெயரைச் சொல்லிக் கத்தினேன். ஊரே திரும்பி என்னைப் பார்த்தது. மோரக் கண்ணை மூடிக்கொண்டாள். அவர் திரும்பிப் பார்க்கவில்லை. மழையில் கீழ்த்தெரு முனைவரைக்கும் தெரிந்தார், அதற்குப் பிறகு தெரியவில்லை.

ஷீனா பின்னாலேயே ஓடியிருக்கிறாள். அவளும் வரவில்லை.

பலகைகள் நிற்கின்றன. கீழ்த்தெருவில் தண்ணீர் ஏறவில்லை. அப்படியென்றால் ஆப்பை யாரோ அடித்திருக்கிறார்கள் என்று பெஞ்சில் ஒரு கிழவர் சொன்னார். இருட்டத் தொடங்கிவிட்டது. கீழேயிருந்து ஒருத்தரும் ஏறி வரவில்லை.

எஸிக்கு இன்னும் ஒன்றும் தெரியாது. என் தோளில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறாள், நாங்கள் ரெண்டு பேரும் ஒரே காரியத்துக்காகக் காத்திருக்கிறோம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாள். கை வலிக்கிறது என்று குழந்தையை என் மடியில் விட்டிருக்கிறாள்.